மச்சான் பிடிச்ச கயிறு

தனுஷ்கோடியில ஒரு ரயிலு ஆளுகளோட அப்பிடியே கடலுக்குள்ள போச்சே, பெரிய புயலு, அந்த மார்கழி கழிஞ்சு வந்த மாசி மாசம் நடந்தது இது. வருசம் என்னன்னு கேட்டீன்னா எனக்குச் சொல்லத் தெரியாது தம்பி. பள்ளிக்கூடத்துப் பக்கம் நான் மழைக்குக்கூட ஒதுங்குனதில்ல. ஆனா அந்தப் புயல் நல்லா ஞாபகம் இருக்கு. கடல் எங்கயோ கெடக்கு, நம்ம எங்கயோ இருக்கோம். இருந்தாலும் இங்கயும் காத்தும் மழையுமா மரத்தையெல்லாம் சாச்சுப் போட்டுருச்சு. டீக்கடையில ஒருத்தர் பேப்பரச் சத்தமா வாசிப்பாரு. நாங்க சுத்தி நின்னு கேப்போம். வாசிச்சு முடிச்சதும் எல்லாரும் மெதுவாத் திரும்பி என்னையப் பாப்பாக. அந்தக் கூட்டத்துல தண்ணிக்குள்ள போற ஆளு நான் ஒருத்தன்தான்.

எனக்குத் தொழிலு கெணறு வெட்டு. எங்க அக்கா வீட்டுக்காரர்தான் கூட்டிக்கிட்டுப் போனாரு. அவர நான் அத்தான்னு சொல்லுவேன். வெட்டுற நேரம் போக, கெணத்துக்குள்ள சாமான் விழுந்துருச்சுன்னா எடுத்துக் குடுக்கக் கூப்புடுவாக. கமலைச் சால் அத்துக்கிட்டு விழும். மாட்டக் கட்டித் தண்ணி எறைக்கிறதுக்குப் பெரிய இரும்புச் சாலு, அதுக்குக் கீழ தோல்ல ஒரு வாலு தச்சிருக்கும். அந்தத் தோலு திண்டுக்கல்லுல பாய்மாருக கடையிலதான் வாங்கணும். நல்ல தோலுன்னா மோந்து பாத்தே சொல்லிருவேன். எதுக்குச் சொல்ல வந்தேன்... ஆமா, சாமான். சாலு விழும், கொடம் விழும், பேசிக்கிட்டே மொகம் கழுவுற வாத்தியாரு கண்ணாடி விழும். ஒரு தடவ சித்தையன்கோட்டைப் பக்கம் ஒரு வேதக்காரக மாதா கோயில் மெழுகுவத்தித் தண்டு, பித்தளை, ஆளு ஒசரம், திருநாளுக்குத் தேச்சுக் கழுவுறேன்னு கெணத்துக்குள்ள நழுவ விட்டுட்டாக. அத எடுத்துக்கிட்டு மேல வந்தா, சுத்தி நின்ன பிள்ளைகெல்லாம் நான்தான் திருநாளுன்ற மாதிரி கை தட்டுதுக.

பாதாளக்கரண்டி போட்டுத் தொழாவுனாச் சின்னச் சாமான் வரும். கனத்த சாமானுக்கு ஆளுதான் முங்கணும்.

முங்குறது எப்பிடின்னு நெறையப் பேரு கேட்டிருக்காக. மூச்சு எம்புட்டு நேரம் பிடிப்பேன்னு கேப்பாக. அதையெல்லாம் எண்ணவே கூடாது தம்பி. எண்ணுனா எண்ணம்தான் ஓடும், மூச்சு நிக்காது. நான் படியில உக்காந்து செத்த நேரம் எதுத்த சொவத்துல ஒரு எடத்தப் பாப்பேன். புறாப் பொந்து இருக்கும், இல்லன்னா ஒரு செடி மொளச்சு நிக்கும். அதையே பாத்துக்கிட்டு இருந்தா, மேல நின்னு பேசுறவுக சத்தம் கொஞ்சங்கொஞ்சமாத் தள்ளிப் போகும். வெயிலு தெரியாது. பசி தெரியாது. அந்தச் செடி மட்டும் இருக்கும். அப்பிடியே எறங்கிருவேன்.

உள்ள போனதும் மொதல்ல காது அமுங்கும். மேல தண்ணி வெதுவெதுன்னு இருக்கும், கீழ போகப் போகச் சில்லுன்னு ஆகும். பச்சை வெளிச்சம் கருத்துக்கிட்டே வந்து, அப்புறம் கண்ண மூடுனாலும் ஒன்னுதான் தொறந்தாலும் ஒன்னுதான். அங்கன கைதான் கண்ணு. சேறு வேற மாதிரி இருக்கும், கல்லு வேற மாதிரி இருக்கும், இரும்பு தொட்ட ஒடனே தெரிஞ்சுரும். நமக்குத் தலைக்குள்ள ஒருத்தன் ஓயாம பேசிக்கிட்டே இருப்பான்ல? அவன் இப்பிடிச் சொன்னானே, இவன் அப்பிடிப் பாத்தானே, நாளைக்கி என்ன செய்றதுன்னு? எனக்கு அவன் வேட்டி சட்டையோட கரையிலயே நின்னுக்குவான். கீழ வரமாட்டான். நானும் தண்ணியும் மட்டும்தான் இருப்போம். நான்னுகூடச் சொல்லக் கூடாது. கை இருக்கும், அம்புட்டுத்தான்.

அது ஒரு சொகம். வெளிய சொன்னாச் சிரிப்பாக. காசுக்காகத்தான் போறேன்னு சொல்லிக்குவேன். நெசம் அது இல்ல.

இப்பக் கயித்தப் பத்திச் சொல்லணும். எங்க கூட்டத்துல முங்குறவன் இடுப்புல ஒரு கயிறு கட்டுவாக. அந்தக் கயித்த மேல நின்னு பிடிக்கிறவரு மச்சான் மொறையா இருக்கணும். ஒன்னு அக்கா தங்கச்சியக் கட்டுனவரு, இல்ல பொண்டாட்டியோட கூடப்பொறந்தவரு. அண்ணன் தம்பி பிடிக்கவே கூடாது. ஏன்னு கேட்டா, அண்ணன் தம்பிக்கு நடுவுல நெலம் இருக்கு, வரப்பு இருக்கு, கை வழுக்கிருச்சுன்னு சொன்னா யாரு என்ன கேக்க முடியும்? மச்சான்னா அப்பிடி விட முடியாது. விட்டா அவரு வீட்டுலயே ஒரு பொம்பள தலைய விரிச்சுப் போட்டு உக்காந்திரும். அதுனால மச்சான்தான். அதுல ஆளு மாத்துறது கெடையாது. எனக்கு எங்க அத்தான் பிடிப்பாரு.

கயித்துக்குப் பாஷை இருக்கு. ஒரு தடவ இழுத்தா, நான் இருக்கேன்னு அர்த்தம். ரெண்டு தடவ இழுத்தா, கயிறு விடு. விடாம இழுத்தா, தூக்கு. மேல இருந்தும் கேக்கலாம். ஒரு இழு இழுப்பாரு, இருக்கியான்னு. நான் ஒன்னு இழுப்பேன், இருக்கேன்னு. அதுக்கு மேல அந்தக் கயித்துல பேச ஒன்னும் இல்ல.

சரி, பொண்ணு கதைக்கு வாரேன்.

வேடசந்தூர்ப் பக்கம் அப்ப வெறும் காடு. ஆவாரஞ்செடி மஞ்சமஞ்சேருன்னு பூத்துக் கெடக்கும். அந்தச் செடியோட பட்டைய உரிச்சுத் திண்டுக்கல்லு தோல்ஷாப்புக்கு அனுப்புவாக, தோலு பதம் பண்றதுக்கு. பொம்பளைக கூட்டமா உக்காந்து பட்டை அடிப்பாக. நாங்க பக்கத்துக் காட்டுல கெணறு வெட்டிக்கிட்டு இருந்தோம். நடுவுல ஒரு பழைய கெணத்துல விழுந்த சாலத் தேடி முங்கிட்டு, நான் தண்ணி குடிக்க வாரப்ப பட்டை அடிக்கிறவள்ல ஒருத்தி கேட்டா. மொறைக்காரப் பொண்ணுதான், தூரத்துச் சொந்தம்.

"உள்ள போயி இம்புட்டு நேரம் என்ன செய்றீக?"

"தேடுறேன்."

"என்ன தெரியும் உள்ள?"

"ஒன்னும் தெரியாது."

"ஒன்னும் தெரியாததப் பாக்கவா இம்புட்டு நேரம்? மேலயே கண்ண மூடிக்கிட்டு உக்காந்திருக்கலாமுல்ல!"

எல்லாப் பொம்பளைகளும் சிரிச்சுட்டாக. இன்னிக்கி வரைக்கும் அதுக்குப் பதில் தெரியல தம்பி. ஆனா அவள விட்டா வேற ஆரையும் கட்டுறதில்லைன்னு அன்னிக்கே தெரிஞ்சு போச்சு.

அவளுக்கு அப்பா இல்ல. அண்ணன்தான் எல்லாம். அவருதான் பின்னாடி எனக்கு மச்சானாகப் போறவரு. இப்பவே மச்சான்னே சொல்லிப்புடுறேன், வேற மாதிரி சொல்ல வாயி வரல. ரெட்டை மாட்டு வண்டி வச்சு ஆவாரம்பட்டை ஏத்திக்கிட்டுத் திண்டுக்கல்லுக்குப் போவாரு. நல்ல ஒசரம். கை ரெண்டும் ஏர்க்காலு மாதிரி. கிட்ட வந்தாலே பட்டை வாசம் அடிக்கும், துவர்ப்பா, நல்லா இருக்கும். பயங்கரக் குசும்பு. அக்காளும் அத்தானும் போயிப் பொண்ணு கேட்டாக. அந்தப் புயல் சேதி வந்து கொஞ்ச நாளுதான் இருக்கும்.

"தங்கமான பயதான். இல்லேங்கல. ஆனா ரயிலயே முழுங்கிருச்சு தண்ணி. இவன் எம்மாத்திரம்? தரையில நடக்குறவனாப் பாருங்க, குடுக்குறேன்."

அப்பிடின்னுட்டாரு. அத்தான் எவ்வளவோ சொன்னாரு, நான்தான் கயிறு பிடிக்கிறேன், ஒன்னும் ஆகாதுன்னு. "நீங்க நல்லாத்தான் பிடிப்பீக. ஒங்களுக்குக் காச்சல் வந்தா?"ன்னு கேட்டாராம்.

அக்கா வந்து சொல்லுது, "ஏலே, இந்தக் கெணத்த விட்டுட்டு வேற பொழப்புப் பாரு. பொண்ணு கெடைக்கும்."

விட்டுருக்கலாம். அவ வேணும்னுதான் இருந்துச்சு. ஆனா அந்தக் கீழ இருக்குற அமைதி இருக்குல்ல, அத விடுறேன்னு வாயில சொல்ல வரல. ரெண்டும் வேணும்னு ஆசை. ஆரு ரெண்டும் தருவா?

இப்பத்தான் அந்த மாசி மாசத்துக்கு வாரேன். வடமதுரைப் பக்கம் ஒருத்தரு, வெள்ளாமை செய்ற சம்சாரி, கெணத்துல புதுசாக் கரண்டு மோட்டார் வச்சாரு. அந்த வட்டாரத்துல மொத மோட்டார் அதுதான். சனம் வேடிக்கை பாக்க வரும். பட்டனத் தட்டுனாத் தண்ணி குபுகுபுன்னு ஊத்தும். மாட்டுக்கு லீவு விட்டுட்டாருன்னு கேலி பேசுவோம். அந்த மோட்டார்க் குழாயோட அடிக்கோடியில கனமா ஒன்னு மாட்டியிருப்பாக, புட்வாலுன்னு சொல்றது. ஏறுன தண்ணி திரும்பி எறங்காம அதுதான் பிடிச்சுக்கிறது. அது கழண்டு கெணத்துக்குள்ள விழுந்துருச்சு. மோட்டார் சும்மா கத்துது, தண்ணி வரல. பழைய கமலையையும் கழட்டி வித்துப்புட்டாரு மனுசன். புதுசு வாங்க எங்கயோ ஊருக்கு எழுதிப் போட்டு, வரணும். காட்டுல சின்ன வெங்காயம் தலை சாஞ்சு நிக்குது.

எனக்குச் சொல்லி விட்டாரு. அதே நேரம் எங்க அக்கா வீட்டுல பிள்ளைக்கு அம்மை. வாசல்ல வேப்பிலை கட்டியாச்சு. அம்மை எறங்கித் தண்ணி ஊத்துற வரைக்கும் அத்தான் வீட்ட விட்டு வேலைக்கு வரக்கூடாது. நான் பாத்துட்டு மட்டும் வருவோம்னு என் தம்பியக் கூட்டிக்கிட்டுப் போனேன்.

பாத்தா, அந்தக் கெணத்துக்குள்ள ஒரு பூவரச மரம் கெடக்கு. புயல் அடிச்ச அன்னிக்கிக் கரையில நின்னது அப்பிடியே சாஞ்சு உள்ள விழுந்திருக்கு. தண்ணி மூணு ஆளு ஆழம். மேல ஒரு கெளை மட்டும் நீட்டிக்கிட்டு நிக்குது, மிச்சம் அம்புட்டும் கீழ. மரம் கெடக்குற கெணத்துல கயிறு இல்லாம எறங்கவே கூடாது.

அங்கனதான் மச்சான் நின்னாரு. பட்டை ஏத்திக்கிட்டுத் திண்டுக்கல்லு போற வழியில மாட்டுக்குத் தண்ணி காட்ட நிறுத்தியிருக்காரு. வண்டிய அவுத்து விட்டுட்டு வெத்தல போட்டுக்கிட்டு நிக்காரு.

சம்சாரி அவரப் பாத்தாரு. "அப்பு, நீ இந்தப் பயலுக்கு மொறையாளுதானே? செத்தக் கயித்தப் பிடியேன்."

அவரு என்னையப் பாக்கல. வெத்தலயத் துப்பிட்டு, "பிடிச்சா என்ன ஆகும்னு தெரியுமுல்ல?"

களை எடுக்க வந்த ஒரு கெழவி வரப்புல நின்னு சொல்லுச்சு, "தெரியாம என்ன? வெத்தல பாக்கு மாத்துனது கணக்குத்தான். பிடிச்சுட்டுப் பொண்ணு இல்லைன்னு சொன்னா ஊரு விடுமாக்கும்?"

"அதச் சொல்லு ஆத்தா. இவருக்கு வெங்காயம் காயுதுன்னு நான் என் தங்கச்சியத் தூக்கிக் குடுக்கணுமாம்!"

அம்புட்டுப் பேரும் சிரிக்கிறாக. சம்சாரிக்கு மட்டும் சிரிப்பு வரல. "மொறையெல்லாம் எதுக்குப்பு, சும்மா பிடி"ன்னாரு.

"சும்மா பிடிக்க அது என்ன ஆட்டுக்கயிறா?"ன்னு கெழவியே கேட்டுருச்சு.

என் தம்பி எந்திரிச்சு, "நான் பிடிக்கிறேண்ணே"ன்னான். நான் வேணாம்னுட்டேன். நல்ல பய. ஆனா வழக்கம் வழக்கம்தான். எனக்கு மொகமெல்லாம் காந்துது. எல்லாருக்கும் முன்னாடி இந்தப் பேச்சு. பேசாமச் சட்டையக் கழட்டி, கயித்த இடுப்புல நானே சுத்தி ஒரு முடிச்சுப் போட்டு, மறு நுனிய மோட்டார்க் குழாயிலயே கட்டிட்டு, படியில எறங்கி உக்காந்துட்டேன். குழாய்க்கு என்ன தெரியும்? அது இழுக்குமா விடுமா? வீம்புதான்.

எதுத்த சொவத்துல ஒரு அரசங்கன்னு நின்னுச்சு, சின்னது, நாலஞ்சு எலையோட. அதப் பாக்குறேன். சத்தம் தள்ளிப் போக மாட்டேங்குது. இன்னொரு தடவ பாக்குறேன். அப்ப முதுகுக்குப் பின்னாடி ஆவாரம்பட்டை வாசம் அடிக்குது.

"இதென்னடா முடிச்சு? கோழியக் கட்டுற முடிச்சு."

இடுப்புல இருந்த கயித்த அவுத்தாரு. மறுபடி கட்டுனாரு. வண்டிப் பாரம் கட்டுற கட்டு, வயித்த ஒரு இறுக்கு இறுக்கி, விரலு போகுதான்னு பாத்தாரு. குழாயில கட்டுன நுனிய அவுத்துத் தன் கையில ஒரு சுத்துச் சுத்துனாரு.

"போ"ன்னாரு. "சீக்கிரம் வா. மாடு நிக்குது."

தம்பி, அப்ப எனக்கு எப்பிடி இருந்திருக்கும்னு நெனச்சுப் பாரு. அப்பிடியே எறங்கிட்டேன். அங்கதான் ஏமாந்தேன். அந்தக் கரையில நிக்கிறவன் இருக்கானுல்ல, ஓயாமப் பேசுறவன், அவன் அன்னிக்கி என்னோடயே குதிச்சுட்டான். வைகாசியில வைப்பாகளா, ஆனியிலயா? சேலை திண்டுக்கல்லுல எடுப்போமா, மதுரையிலயா? அவகிட்ட எப்பிடிச் சொல்லுவாரு? அவ சிரிப்பாளா? தண்ணிக்குள்ள அவன் பேசுறான் பேசுறான், நான் கேட்டுக்கிட்டே போறேன். கை சேத்தத் தொட்டுச்சு, என்ன தொட்டோம்னு தெரியல. மரத்துக்கு இந்தப் பக்கம் போனேனா அந்தப் பக்கம் போனேனா, அதுவும் தெரியல. திரும்பலாம்னா கயிறு வரல. ஒரு கெளையச் சுத்திட்டு இன்னொரு கெளைக்குக் கீழ பூந்து வந்திருக்கேன். கயிறு மாட்டிக்கிச்சு.

பயம்னா அதுக்கு முன்னாடியும் வந்ததில்ல, அதுக்குப் பின்னாடியும் வந்ததில்ல. விடாம இழுத்தேன், தூக்கு தூக்குன்னு. அவரும் மேல இருந்து இழுத்தாரு. இழுக்க இழுக்க மரத்தோட சேத்து என்னைய இறுக்குது. நெஞ்சுல நெருப்பு வச்ச மாதிரி. இந்தப் பேசுறவன் இப்பக் கத்துறான்.

அப்பத்தான் கயிறு தளந்துச்சு.

வேற ஆரா இருந்தாலும் இன்னும் பலமா இழுத்திருப்பாக. நாலு பேரக் கூப்புட்டு இழுத்திருப்பாக. இவரு விட்டாரு. கையில இருந்த கயித்தத் தளர விட்டுட்டு, அப்புறம் ஒரே ஒரு இழு. சின்னதா. தோள்ல கை வைக்கிற மாதிரி. இருக்கியா? நான் இருக்கேன்.

அந்த ஒரு இழுவுல எனக்குள்ள கத்திக்கிட்டு இருந்தவன் வாய மூடிட்டான். டக்குன்னு. அந்தக் கருப்பும் அமைதியும் வந்துருச்சு. கை கயித்தத் தடவிக்கிட்டே, வந்த வழியே திரும்பிப் போச்சு. கெளைக்குக் கீழ பூந்து, இன்னொரு கெளையச் சுத்தி. அவசரமே இல்ல. மேல வந்து தலைய நீட்டுறேன், வெயிலு சுள்ளுன்னு அடிக்குது.

படியில கெடந்து இருமுறேன். அவரு மேல நின்னபடியே கேக்குறாரு.

"உள்ள என்னத்த நெனச்சே?"

"ஒன்னும் நெனக்கல."

"பொய்யி சொல்லாத. கயிறு நடுங்கிக்கிட்டே போச்சு. நெனக்கிறதா இருந்தா மேல உக்காந்து நெனச்சுட்டு அப்புறம் போ. எனக்கு அவசரமில்ல."

சம்சாரி பாவம், பயந்து போயி, "வேணாம்ப்பு, ஏறி வந்துரு, வெங்காயம் போனாப் போகுது"ன்னாரு. நான் மச்சானப் பாத்தேன். வேணாம்னு அவரு சொல்லியிருந்தா ஏறியிருப்பேன், அதுக்கப்புறம் எறங்கியிருக்கவும் மாட்டேன். அவரு கயித்தக் கையில சுத்திக்கிட்டுக் கால அகட்டி நின்னாரு. அம்புட்டுத்தான்.

ரெண்டாந்தடவ போனேன் பாரு. அது மாதிரி ஒரு முங்கு என் ஆயுசுல கெடையாது. மரம் எங்கன இருக்குன்னு தொடாமயே தெரியுது. தண்ணி அசையுறது தெரியுது. என் நெஞ்சு அடிக்கிற சத்தம் மட்டும் தூரத்துல கேக்குது, ஆரோ எங்கயோ துணி தொவைக்கிற மாதிரி. கயித்துல அவரு கை இருக்குறது தெரியுது. அவரு இழுக்கல, ஆனா இருக்காரு. சேத்துக்குள்ள கைய விட்டுத் தொழாவிக்கிட்டே ரெண்டு ஆளு நீளம் போனேன், கனமா, வட்டமா ஒன்னு. இரும்பு. எடுத்துக்கிட்டு மேல வந்துட்டேன். எம்புட்டு நேரம் உள்ள இருந்தேன்னு கெழவி ஒன்னு சொல்லுச்சு, என் தம்பி ஒன்னு சொன்னான், எனக்குத் தெரியாது. இன்னும் செத்த நேரம் இருந்திருக்கலாமேன்னு மட்டும் இருந்துச்சு.

மேல வந்து பாத்தா ஒரே கூப்பாடு. என்னன்னா, மச்சானோட மாடு ரெண்டும் வரப்புத் தாண்டி வெங்காயக் காட்டுக்குள்ள போயி மேஞ்சுக்கிட்டு இருக்கு. பொம்பளைக எல்லாம் "ஏப்பா மாடு, ஏப்பா மாடு"ன்னு அவரு காதுக்குப் பக்கத்துலயே நின்னு கத்தியிருக்காக. என் தம்பி அவரத் தோள்ல தட்டியிருக்கான். அவரு திரும்பவே இல்லயாம். நான் படியில ஏறி, கயித்த அவுத்துக் குடுத்ததுக்குப் பெறகுதான், "ஆரு மாடு அது?"ன்னு கேட்டாரு.

"ஒம்ம மாடுதான்யா!"ன்னு சம்சாரி தலையில அடிச்சுக்கிட்டாரு.

அப்பத்தான் எனக்கு ஒன்னு தெரிஞ்சுச்சு தம்பி. கீழ எனக்கு என்ன ஆகுதோ அதுவேதான் மேல அவருக்கும் ஆகியிருக்கு. அவரு தண்ணியில நனையல, அம்புட்டுத்தான். கயித்துக்கு ரெண்டு மொனையிலயும் ஒரே அமைதி. அத்தானும் நல்லாப் பிடிப்பாரு, ஆனா பீடி குடிச்சுக்கிட்டே பிடிப்பாரு.

அவரு வீட்டுக்குப் போயிச் சேதி சொன்னத அவ பின்னாடி சொல்லிச் சொல்லிச் சிரிப்பா. "மாட்டு வாயெல்லாம் வெங்காய நாத்தம். வண்டிய அவுத்துட்டு, ஒனக்கு மாப்ள பாத்தாச்சுன்றாரு. எவருன்னா, கெணத்துக்குள்ள கெடக்குறாருன்றாரு." வைகாசியில கல்யாணம். வெங்காயம் குடுத்தது அந்தச் சம்சாரிதான், ஒரு மூட்டை. சோத்துக்குத் தொட்டுக்கிற வெஞ்சனம் எல்லாத்துலயும் வெங்காயமா இருந்துச்சு.

அதுக்கப்புறம் எங்க அத்தான் கயித்த விட்டுட்டாரு. மச்சான்தான். பட்டை வண்டி இல்லாத நாளாப் பாத்து வேலைய ஒத்துக்குவோம். வேலை முடிஞ்சு ரெண்டு பேரும் வீட்டுக்கு வருவோம். அவ என்னையப் பாக்க மாட்டா. நேரா அண்ணன்கிட்டப் போயி, "கையக் காட்டு"ன்னுவா. உள்ளங்கையில கயிறு அறுத்த செவப்பு இருக்கான்னு பாப்பா. இல்லைன்னா சோறு போடுவா. இருந்துச்சுன்னா ரெண்டு பேருகிட்டயும் பேச்சு கெடையாது. தட்டு மட்டும் வரும், நங்குன்னு. மச்சான் கண்ணடிச்சுக்கிட்டே திம்பாரு.

எத்தனையோ கெணறு அப்புறம். எதுலயும் கயிறு நடுங்கல. நெனக்கிறதெல்லாம் மேல உக்காந்து நெனச்சுட்டுத்தான் எறங்குவேன். அவருஞ் சேந்து உக்காந்திருப்பாரு, வெத்தல மென்னுக்கிட்டு. முடிஞ்சுச்சான்னு கேப்பாரு. முடிஞ்சுச்சுன்னு சொன்னா எந்திரிப்பாரு.

இப்ப அவ இல்ல. போயி ரெண்டு மாசியாச்சு. கருமாதி அன்னிக்கித்தான் மச்சானக் கடைசியாப் பாத்தது. வேடசந்தூருக்கு அங்கிட்டு மக வீட்டுல இருக்காரு. காது சுத்தமாக் கேக்காது. போன்ல பேசுனா "ஆரு? ஆரு?"ன்னு கத்திட்டு, பேரன்கிட்டக் குடுத்துருவாரு. எனக்கு முட்டி மடங்காது, பஸ்ஸுல கால ஏத்தி வைக்க ஏலாது. சண்டை கிண்டை ஒன்னும் இல்ல. ரெண்டு பேரும் கெழடாயிட்டோம், நடுவுல இருந்தவ போயிட்டா, அம்புட்டுத்தான்.

இப்பத் தலைக்குள்ள பேசுறவன் ஓயவே மாட்டேங்குறான் தம்பி. விடிஞ்சா ஆரம்பிச்சுருவான். கோயில்ல போயிக் கண்ண மூடி உக்காந்து பாத்தேன், அங்கயும் வந்து பேசுறான். டிவி பாத்தா அதோட சேந்து பேசுறான். இங்கன மொட்டை மாடியில உக்காந்து நம்ம திண்டுக்கல்லு மலையவே பாத்துக்கிட்டு இருப்பேன், வெறும் பாறைதானே, அந்த அரசங்கன்ன மாதிரி அது ஒன்னு மட்டும் நிக்குதான்னு. நிக்க மாட்டேங்குது. இடுப்புல கயிறு இல்லாம அது வராது போல. கயித்துக்கு அந்த மொனையில ஆளு இருக்கணும்.

ஒன்னு மட்டும் அவருகிட்ட நான் கேட்டதே இல்ல. அன்னிக்கித் தளர விடணும்னு அவருக்கு எப்பிடித் தெரிஞ்சுச்சு? மொதத் தடவையாக் கயிறு பிடிச்ச மனுசன். கேக்கணும் கேக்கணும்னு இருந்து, எப்பப் பாத்தாலும் மாடு வெங்காயம் தின்ன கதையப் பேசிச் சிரிச்சுட்டு வந்துருவோம். இனிக் கேட்டா அவருக்குக் காது கேக்காது.

நீ மில்லு பஸ் ஓட்டுறவன். தெனம் வேடசந்தூர்ப் பக்கம்தானே போற. மில்லு ஷிப்டு விடுற வரைக்கும் அங்கன சும்மாதானே நிப்ப. ஒரு நாளு அவரு வீட்டுக்குப் போயிரு. தண்ணி டேங்கைத் தாண்டி வேப்ப மரத்து வீடு, ஆரக் கேட்டாலும் பட்டை வண்டிக்காரரு வீடுன்னு காட்டுவாக. போயி ஒன்னும் சொல்ல வேணாம், எழுதிக் காட்டவும் வேணாம், அவருக்கும் எழுத்துத் தெரியாது. அவரு மணிக்கட்டப் பிடிச்சு, ஒரே ஒரு இழு இழு. சின்னதா. பலமா இழுத்துறாத, வயசான ஆளு. அவருக்குப் புரியும் ஆரு அனுப்புனதுன்னு. அவரு திருப்பி இழுத்தாருன்னா, எப்பிடி இழுத்தாருன்னு மறக்காம வந்து, இந்தக் கையில அதே மாதிரி இழுத்துக் காட்டிட்டுப் போ.